கண்ணாடிப் பெட்டிக்குள் ஒரு ஹொக்கிக்காரன்

அப்பா என்னை ஹொக்கிக்குச் சேர்த்துவிட்டதே பிழையாக விளங்கிக்கொண்டதால்தான். யாழ்ப்பாணத்தில் பள்ளிக்கூடக் காலத்தில் அவர் புல்தரையில் ஹொக்கி விளையாடியவர். ஸ்காபரோவில் நாங்கள் இருந்த மாடிக் கட்டடத்துக்குப் பக்கத்துச் சமூக நிலையத்தில், சிறுவர்களுக்கு ஹொக்கி பழக்குவதாக ஒரு அறிவித்தல் ஒட்டியிருந்தது. அந்த ஒரு சொல்லுக்கு மேல் அவர் வாசிக்கவில்லை. உள்ளே போய் என் பெயரைக் கொடுத்துவிட்டு வந்துவிட்டார். முதல் நாள் அரைக்காற்சட்டையும் கன்வஸ் சப்பாத்துமாக என்னைக் கூட்டிக்கொண்டு போனார். கதவைத் திறந்தால் உள்ளே பனித்தரை. தலையிலிருந்து கால்வரை மூடிக் கட்டிய பிள்ளைகள் அதில் சறுக்கிக்கொண்டிருந்தார்கள்.

அப்பா வாசலில் நின்று பார்த்தார். அப்படியே திரும்பிப் போயிருக்கலாம். ஆனால் மிசிசாகாவில், விமான நிலையத்தில் தன்னோடு பெட்டி ஏற்றி இறக்கும் எல்லோரிடமும் மகன் ஹொக்கிக்குப் போகிறான் என்று ஏற்கெனவே சொல்லிவிட்டிருந்தார்.

"தடி இருக்கு. அடிக்கிறதுக்கு ஒரு சாமானும் இருக்கு. தரைதான் கொஞ்சம் வழுக்குது," என்றார். "நீ சமாளிப்பாய்."

நான் சமாளிக்கவில்லை. அந்தக் கொஞ்சம் வழுக்கும் தரையில் முதல் சில கிழமைகள் பெரும்பாலும் உட்கார்ந்தபடியேதான் ஹொக்கி பழகினேன். ஆனால் எழும்பி நிற்கப் பழகிய பிறகு ஒரு விசயம் தெரியவந்தது. ஓடிவந்து என்னோடு மோதுகிறவர்கள்தான் விழுந்தார்கள், நான் விழவில்லை. வயதுக்கு மீறின உடம்பு எனக்கு. அம்மா அதற்குக் காரணம் தன் சமையல் என்பார். அப்பா தன் பரம்பரை என்பார். அப்பாவின் உயரம் என் தோளுக்குக் கீழேதான் என்பதால் அம்மா சொல்வதைத்தான் நான் நம்பினேன்.

வளர வளர என் குறைகளும் வளர்ந்தன. வேகமாகச் சறுக்க வராது. பக் என்கிற அந்தக் கறுப்பு றப்பர் வட்டை நான் அடித்தால், அது போகவேண்டிய இடத்தைத் தவிர மற்ற எல்லா இடத்துக்கும் போகும். இருந்தும் பள்ளிக்கூடம் முடிந்து இரண்டொரு வருடத்தில், அமெரிக்காவில் ஒரு சிறிய ஊர் அணி என்னைச் சம்பளத்துக்கு எடுத்தது. அது பெரிய லீக்குக்கு இரண்டு படி கீழே. அங்கிருந்த கோச் முதல் நாளே எனக்கு விளக்கம் சொல்லிவிட்டார்.

"உன்னால் வேகமாகச் சறுக்க முடியாது. குறிபார்த்து அடிக்க முடியாது. உன்னை விழுத்தவும் முடியாது. அந்தக் கடைசி விசயத்துக்குத்தான் உனக்குச் சம்பளம்."

ஐஸ் ஹொக்கியில் வேறெந்த விளையாட்டிலும் இல்லாத ஒரு வேலை இருந்தது. எங்கள் அணியின் கெட்டிக்காரப் பையனை எதிரணிக்காரன் யாராவது முரட்டுத்தனமாக இடித்தால், அடுத்த முறை இடிப்பதற்கு முன் அவன் யோசிக்க வேண்டும். அவனை யோசிக்க வைப்பதற்கு ஒவ்வொரு அணியிலும் ஒருவன் இருந்தான். இரண்டு அணியின் அந்த ஆட்களும் கையுறைகளைக் கழற்றி எறிந்துவிட்டு, பனித்தரைக்கு நடுவில் நின்று குத்துப்படுவார்கள். நடுவர்கள் சுற்றி நின்று பார்த்துக்கொண்டிருப்பார்கள். ஒருவன் விழுந்ததும் வந்து பிரித்து, ஆளுக்கொரு கண்ணாடிப் பெட்டிக்குள் கொண்டுபோய் ஐந்து நிமிடம் இருத்திவிடுவார்கள். அதுதான் தண்டனை. அது முடிந்ததும் கதவு திறக்கும். திரும்பவும் விளையாடப் போகலாம்.

இதில் மரியாதையும் உண்டு என்பது வெளியாட்களுக்குத் தெரியாது. திடீரென்று யாரும் குத்தமாட்டார்கள். "போவோமா?" என்று கேட்பார்கள், தேநீர் குடிக்கப் போவோமா என்பதுபோல. மற்றவன் தலையாட்டினால்தான் தொடங்கும். என்னுடைய முதல் சண்டையில் எதிரி அப்படித்தான் கேட்டான். நானும் தலையாட்டினேன். அவன் கையுறைகளை உதறி எறிந்தான். சாமான்களைக் கண்டபடி எறியக்கூடாது என்று வளர்க்கப்பட்ட நான், என்னுடையவற்றை ஒரு ஓரமாக வைக்கலாம் என்று குனிந்தேன். குனிந்த இடத்திலேயே என் முன்பல் ஒன்று போனது.

அணியின் வைத்தியர் ஒரு பொய்ப்பல் செய்து தந்தார். அப்பாவுக்கு மட்டும் தொலைபேசியில் உண்மையைச் சொன்னேன். அவர் அதை அம்மாவுக்கு, "தரை வழுக்கினது," என்ற இரண்டே சொல்லில் மொழிபெயர்த்தார்.

ஒரு படி உயர்ந்து வேறொரு அணிக்குப் போன பிறகு, ரொறொன்ரோவுக்குப் பக்கத்தில் எங்களுக்கு ஒரு ஆட்டம் வந்தது. அம்மா முதன்முறையாக என் விளையாட்டைப் பார்க்க வந்தார். அவருக்கு ஒரு பழக்கம். யாராவது வேகமாக ஓடினாலே கண்ணை மூடிக்கொள்வார். ஆகவே நான் குத்துப்பட்டதை அவர் பார்க்கவில்லை. கண்ணைத் திறந்தபோது நான் கண்ணாடிப் பெட்டிக்குள் தனியே உட்கார்ந்து தண்ணீர் குடித்துக்கொண்டிருந்தேன்.

"இஞ்சேருங்கோ, அவனை மட்டும் ஏன் அங்கை தனிய இருத்தியிருக்கினம்?" என்று அப்பாவிடம் கேட்டார்.

அப்பா கொஞ்சமும் யோசிக்கவில்லை. "அது ஸ்பெஷல் சீற். நல்லா விளையாடினவையை இளைப்பாற விடுறவை."

அன்றைக்கு நான் மூன்று முறை அங்கே இளைப்பாறினேன். ஆட்டம் முடிந்ததும் அம்மா என் கன்னத்தைத் தடவி, "எல்லாரையும் விட உன்னைத்தான் கவனிக்கினம்," என்றார். நான் அப்பாவைப் பார்த்தேன். அப்பா கூரையைப் பார்த்தார்.

அதற்குப் பிறகு வந்த வெள்ளிக்கிழமைகளில் றிச்மண்ட் ஹில் பிள்ளையார் கோயிலில் அம்மாவுக்குப் பக்கத்தில் நின்றவர்கள் எல்லோருக்கும் அந்தத் தனி அறையைப் பற்றித் தெரிந்துவிட்டது. அதைக் கேட்டவர்களில் ஒருவருக்குக் கலியாண வயதில் மகள் இருந்தார். பல்வைத்தியம் கடைசி வருடம் படித்துக்கொண்டிருந்தார். இரண்டு தாய்மாரும் பிரசாதம் வாங்கும் வரிசையில் நின்றபடியே பேசி முடித்து, ஒரு ஞாயிற்றுக்கிழமை ரூஜில் இருந்த அவர்கள் வீட்டுக்கு நாங்கள் போவதென்று முடிவானது.

பெண்ணின் தகப்பனார் கணக்காளர். என்னை எதிரே இருத்திவிட்டு நேராக விசயத்துக்கு வந்தார்.

"தம்பி என்ன வேலை?"

"ஹொக்கி விளையாடுறன், அங்கிள்."

"அது சரி. வேலை என்ன?"

"அதுதான் வேலை."

"பகலிலை?"

அம்மா உதவிக்கு வந்தார். "சும்மா விளையாட்டெண்டு நினைச்சிடாதேங்கோ, அண்ணை. மற்றவை எல்லாரும் ஒரு வாங்கிலை நெருக்குப்பட்டுக்கொண்டு இருக்கினம். தம்பிக்கு மட்டும் தனி அறை. நாலு பக்கமும் கண்ணாடி. கதவு திறந்துவிடவே ஒரு ஆள் நிக்குது."

அதுவரை வாய் திறக்காமல் இருந்த பெண் அப்போதுதான் நிமிர்ந்து பார்த்தார்.

"அன்ரி, அது பெனால்ரி பொக்ஸ்."

"ஓம் பிள்ளை, உதுதான். பேர் வாயிலை வரேல்லை."

"பெனால்ரி எண்டால் தண்டனை, அன்ரி. பிழை செய்தவையைக் கொண்டுபோய் இருத்துற இடம்."

அம்மா மெல்ல என் பக்கம் திரும்பினார். "என்ன பிழை?"

பதில் சொல்லாமல் தப்புவதற்கு எனக்குத் தெரிந்த ஒரே வழி வாயில் எதையாவது போடுவதுதான். தட்டில் பயற்றம் பணியாரம் இருந்தது. ஒன்றை எடுத்து ஒரே கடியாகக் கடித்தேன். நல்ல கெட்டிப் பணியாரம். கையை எடுத்தபோது என் முன்பல் பணியாரத்தில் நின்றது.

பெண்ணின் தாய் "ஐயோ!" என்று எழுந்தார். அவருக்குத் தன் பணியாரத்தைப் பற்றித்தான் கவலை. அப்பா வழக்கம்போல, "தரை வழுக்கி..." என்று தொடங்கினார்.

"நீங்கள் கதையாதேங்கோ," என்றார் அம்மா.

பெண் மட்டும் பதறவில்லை. ஒரு ரிசுக் கடதாசியை எடுத்துக்கொண்டு வந்து, பணியாரத்திலிருந்து பல்லைப் பிடுங்கி, ஜன்னல் வெளிச்சத்தில் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "ஆர் செய்தது உது? அளவே எடுக்கேல்லைப் போல கிடக்கு. வாயை ஆவெண்டுங்கோ பாப்பம்."

பெண் பார்க்கப் போன இடத்தில், இரண்டு குடும்பமும் சுற்றி நிற்க, நான் வாயைத் திறந்து காட்டினேன். பெண்ணின் தகப்பனாரும் ஒருமுறை எட்டிப் பார்த்தார்.

கார் எங்கள் கட்டடத்துக்குக் கீழே வந்து நின்ற பிறகுதான் அம்மா வெடித்தார். "கோயிலிலை நான் ஆர் ஆருக்கெல்லாம் சொன்னனான், தெரியுமே? பிள்ளை மறியல் கூட்டுக்குள்ளை இருக்கிறதைப் போய் இவ்வளவு காலமும் பெருமையாச் சொல்லிக்கொண்டு திரிஞ்சிருக்கிறன்!" பிறகு என்னிடம் திரும்பி, "இனி ஒருத்தருக்கும் கை நீட்டக்கூடாது. சொல்லிப்போட்டன்," என்றார்.

கை நீட்டாவிட்டால் எனக்கு வேலை இல்லை என்பதை அந்த நேரத்தில் அவருக்கு விளங்கப்படுத்த எனக்குத் துணிவு வரவில்லை.

அந்தச் சம்பந்தம் அத்தோடு முடிந்தது என்றுதான் எல்லோரும் நினைத்தோம். இரண்டு நாள் கழித்து அந்தப் பெண்ணே தொலைபேசியில் கூப்பிட்டார். "எனக்குக் கடைசி வருடச் சோதனைக்கு ஒரு வாய் வேணும். உங்கடை வாயிலை வேலை கனக்க இருக்கு. வருவீங்களோ?" என்றார்.

போனேன். எங்கள் காதலின் ஆரம்ப நாட்களில் அவள் மட்டும்தான் பேசினாள். என் வாய் மரத்துப்போய் திறந்தபடி கிடந்தது. சின்ன வயதிலிருந்தே ஹொக்கி பார்க்கிறவள் என்றும், என் சண்டைகளில் சிலவற்றை இணையத்தில் தேடிப் பார்த்துவிட்டாள் என்றும் அப்படித்தான் தெரிந்துகொண்டேன். "நீங்கள் இடப்பக்கத்தைக் காப்பாத்துறதே இல்லை. அதுதான் பல்லெல்லாம் அந்தப் பக்கமாப் போகுது," என்றாள். புதுப் பல் அச்சொட்டாக வந்தது. அவள் சோதனையும் பாஸ்.

அந்தக் குளிர்காலத்தில்தான் பெரிய லீக்கில் இருந்த எங்கள் தலைமை அணியில் ஒருவருக்கு முழங்கால் போனது. அவருடைய இடத்துக்கு என்னைக் கூப்பிட்டார்கள். ஆட்டம் ரொறொன்ரோவில், ரொறொன்ரோ அணிக்கு எதிராக.

எங்கள் சொந்தக்காரர் எல்லோரும் உள்ளூர் அணியின் விசிறிகள். சித்தப்பா அந்த அணியின் சட்டை இல்லாமல் சனிக்கிழமைகளில் வெளியே இறங்கமாட்டார். "உன்னிலை விருப்பம்தான். ஆனால் ரீமை விட்டுக்குடுக்க ஏலாது, தம்பி," என்று முதலே சொல்லிவிட்டார். அம்மாவுக்கும் அப்பாவுக்கும் என் பல்லைச் சரிசெய்த அவளுக்கும் அணி மூன்று சீற் தந்தது. நான் வெளிக்கிடுகையில் அம்மா கதவு வரைக்கும் வந்து திருநீறு பூசிவிட்டார்.

"அடிபாடு வேண்டாம். பந்தை மட்டும் அடி."

"அது பக், அம்மா."

"எதுவோ, அதை அடி."

சின்ன வயதிலிருந்து தொலைக்காட்சியில் பார்த்த அந்தத் தரையில் அன்றைக்குத்தான் முதன்முறையாகக் கால் வைத்தேன். அம்மாவின் சொல்லைக் காப்பாற்றத்தான் நினைத்தேன். உண்மையாகவே ஹொக்கி விளையாட முயன்றேன். பக் என்னிடம் வந்தது. தலையை நிமிர்த்தி, வடிவாகக் குறிபார்த்து, நேரே எதிரணிக்காரனிடம் கொடுத்தேன். அவன் நன்றிகூடச் சொல்லாமல் அதைக் கொண்டுபோய்க் கோல் அடித்தான். அரங்கமே எழுந்து கத்தியது. மேலே எங்கோ சித்தப்பாவும் எழுந்து கத்தியிருக்கிறார். "நீ குடுத்ததெண்டு பிறகுதான் ரிவியிலை பாத்தனான்," என்று பின்னாளில் சமாதானம் சொன்னார்.

ஆட்டக்காரர் உட்காரும் வாங்குக்குத் திரும்பினேன். கோச் என்னைப் பார்க்கவே இல்லை. கனநேரத்துக்குப் பிறகு, எங்கள் அணியின் ஆகச் சின்னப் பையனை, எதிரணியின் மலைபோன்ற ஒருவன் பின்னாலிருந்து வந்து தரையோரப் பலகையோடு சேர்த்து இடித்தான். பையன் விழுந்து எழும்பவில்லை. எங்கள் வாங்கில் இருந்த எல்லோரும் கொஞ்சம் கொஞ்சமாக ஒதுங்கி எனக்கு வழி விட்டார்கள்.

நான் போய் அந்த மலைக்குப் பக்கத்தில் நின்றேன். அவன் என்னை மேலும் கீழும் பார்த்தான்.

"பெரிய லீக்கில் முதல் ஆட்டமா?"

"ஓம்."

"வாழ்த்துக்கள். போவோமா?"

"என் அம்மா வந்து பார்த்துக்கொண்டிருக்கிறார்," என்றேன்.

அவன் பெருமூச்சு விட்டான். "என்னுடைய அம்மாவும்தான்."

வேறு வழி இல்லை. இரண்டு பேரும் கையுறைகளை எறிந்தோம். இந்த முறை நான் குனியவில்லை. அவள் சொன்னபடி இடப்பக்கத்தைக் காப்பாற்றினேன். பல் ஒன்றும் போகவில்லை. ஆனால் நான் விட்ட குத்தை அவன் குனிந்து தலைக்கவசத்தில் வாங்கிக்கொண்டான். என் வலக்கையில் ஏதோ முறியும் சத்தம் எனக்கே கேட்டது. கால் தடுமாறியபோது அவன்தான் சட்டையைப் பிடித்து என்னை மெதுவாகக் கீழே இறக்கினான்.

பெட்டியின் கதவை ஒருவர் திறந்துவிட்டார். உள்ளே உட்கார்ந்து, வீங்கிக்கொண்டிருந்த கையை மடியில் வைத்துக்கொண்டு மேலே தேடினேன். அம்மா எழுந்து நின்றார். இந்த முறை கண்ணை மூடியிருக்கவில்லை. அவள் அவருடைய காதுக்குள் எதையோ சொல்லி, விழுந்து கிடந்த பையனை, அந்த மலையை, பிறகு என்னை என்று ஒவ்வொருவராகக் காட்டினாள். அம்மா கவனமாகக் கேட்டுத் தலையாட்டிக்கொண்டிருந்தார். அப்பா கூரையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

ஆட்டம் முடிந்து, கையில் ஐஸ் கட்டிக்கொண்டு நான் வெளியே நடைவழிக்கு வந்தேன். ஏச்சு வாங்கத் தயாராகத்தான் வந்தேன்.

"அந்தச் சின்னப் பெடியன் எப்பிடி இருக்கிறான்?" என்று கேட்டார் அம்மா.

"எழும்பிட்டான். பரவாயில்லை."

"அவனைப் பின்னாலை வந்து இடிச்சதுக்கோ நீ போனனி?"

"ஓம்."

"பின்னை உதை முதலே எனக்குச் சொல்லுறதுக்கென்ன? காவல் வேலை எண்டால் காவல் வேலை எண்டு சொல்ல வேண்டியதுதானே. இந்த மனுசன் ஸ்பெஷல் சீற் எண்டெல்லாம் அளந்து..." அப்பாவை ஒரு பார்வை பார்த்துவிட்டு என் கையைத் தூக்கிப் பார்த்தார். அவருடைய கண் கலங்கிவிட்டது. "அதுக்காகத் தொப்பியிலை போயே குத்துறது, மடையா?"

அந்த நேரம் அந்த மலை நடைவழியில் வந்தான். கீழ்ச்சொண்டு வீங்கியிருந்தது. அவனுக்கு முன்னால் அவனுடைய தாய், அவன் நெஞ்சளவுகூட இல்லாத ஒரு பெண்மணி, அவனுடைய சட்டைக் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு வந்தார். மகன் பின்னாலிருந்து இடித்தது அவருக்குப் பிடிக்கவில்லை. மன்னிப்புக் கேட்பதற்காகத்தான் கூட்டி வந்திருந்தார். அவன் குனிந்து, என் அம்மாவிடம் மன்னிப்புக் கேட்டான். அம்மா தன் இங்கிலிசைத் திரட்டி எடுத்து, "யுவர் சன் வெரி ஸ்ட்ரோங்," என்றார். அந்தத் தாயும், "யுவர்ஸ் ரூ," என்று திருப்பிப் பாராட்டினார். அதற்குப் பிறகு இருவரும் ஆளுக்கு ஆள் மகனின் காயத்தைக் காட்டிப் பேசத் தொடங்கிவிட்டார்கள். அவள் அவனுடைய வாயைத் திறக்கச் சொல்லிப் பார்த்து, கீழ்ப்பல் ஒன்று ஆடுகிறது என்று தன் தொலைபேசி இலக்கத்தைக் கொடுத்தாள்.

பெரிய லீக்கில் எனக்குக் கிடைத்தது அந்த ஒரு ஆட்டம்தான். கைக்குள் உலோகத் தகடு வைத்தார்கள். குணமாகித் திரும்பப் போனபோது ஹொக்கியே மாறிக்கொண்டிருந்தது. சண்டைக்கென்று ஒருவனை வைத்திருக்க எந்த அணிக்கும் விருப்பமில்லை. கடைசிக்கு இறக்கும் நான்காவது வரிசை ஆட்டக்காரனும் காற்றாகச் சறுக்க வேண்டியிருந்தது. இன்னும் கொஞ்சக் காலம் கீழ் அணிகளில் இழுத்துப் பார்த்தேன். ஒரு வசந்தகாலத்தில் கோச் என்னைக் கூப்பிட்டுத் தோளில் கை வைத்தார். அவர் வாய் திறப்பதற்கு முன்னரே எனக்கு விளங்கிவிட்டது. சாமான் பையைக் காருக்குள் ஏற்றிவிட்டு, அந்தப் புளித்த வியர்வை மணத்துக்குள்ளேயே கனநேரம் உட்கார்ந்து அழுதேன். பிறகு பசித்தது. வீட்டுக்கு ஓட்டினேன். இப்போது பனித்தரைகளைக் குளிராக்கும் இயந்திரங்களைத் திருத்தும் வேலை செய்கிறேன். மாமனாருக்கு மிகவும் திருப்தி, பகலில்தான் வேலை.

கலியாணம் ஸ்காபரோவில் ஒரு மண்டபத்தில் நடந்தது. அந்த மலையும் தாயும் வந்திருந்தார்கள். வேட்டி கட்டியே தீருவேன் என்று அவன் அடம்பிடித்ததால், சித்தப்பா எட்டுமுழத்தையும் சுற்றிப் பார்த்துப் போதாமல், மேலே பெல்ற் போட்டு இறுக்கிவிட்டார். அப்பா அவனை மேசை மேசையாகக் கூட்டிக்கொண்டு போய், "இவர்தான் தம்பியின்ரை கையை உடைச்சவர்," என்று எல்லோருக்கும் அறிமுகப்படுத்தினார். அன்ரிமார் எழுந்து அவனுக்குக் கை கொடுத்தார்கள். சாப்பாட்டின்போது அம்மா அவனுடைய இலைக்கு வடையைத் தானே கொண்டுபோய் வைத்தார்.

படம் எடுக்கிறவருக்கு யாரோ கதையைச் சொல்லிவிட்டார்கள். தாலி கட்டுவதற்குக் கொஞ்சம் முன்னால் அவர் அவனை மணவறைக்கு முன்னால் கூப்பிட்டு, இரண்டு பேரும் ஒருமுறை அந்தச் சண்டையைப் போலவே நின்று காட்டினால் நல்ல படம் ஒன்று வரும் என்றார். தலைப்பாகையும் மாலையுமாக நான் கையை ஓங்கினேன். அவன் என் சால்வையைக் கொத்தாகப் பிடித்தான். சபை கைதட்டியது. வெளிச்சம் போதாதென்று படக்காரர் இன்னொருமுறை நிற்கச் சொன்னார். பிறகு சித்தப்பா தன் போனிலும் ஒன்று எடுக்க வேண்டும் என்றார். மணவறையில் தனியே உட்கார்ந்திருந்தவள், "இடப்பக்கம்! இடப்பக்கம்!" என்று அங்கிருந்தே கத்தினாள்.

கடைசியில் ஐயர்தான் எழுந்து வந்து எங்கள் இருவருக்கும் நடுவில் புகுந்து நின்றார்.

"முகூர்த்தம் போகுது. சண்டையைச் சாப்பாட்டுக்குப் பிறகு வைச்சுக்கொள்ளுங்கோ."